பாகத் தகராறுக்குப் போலீஸ் எதற்கு?

நியூ ஜெர்சியில் எடிசன் ஓக் ட்ரீ ரோட்டு உணவகமாக இருக்கட்டும், கலிபோர்னியாவில் லிவர்மோர் சிவா விஷ்ணு கோவில் சாப்பாட்டுக் கூடமாக இருக்கட்டும், டெக்சஸில் பியர்லாண்ட் மீனாட்சி கோவில் வாசலாக இருக்கட்டும். ஊரில் கிடக்கும் சொத்தைப் பற்றிப் பேச்சு வந்தால் யாராவது ஒருவர் இதைச் சொல்லிவிடுவார்: "சிவில் கேஸ் போட்டா பேரன் காலத்துலதான் தீர்ப்பு வரும். போலீஸ்ல ஒரு கம்ப்ளெயின்ட் குடுங்க, ரெண்டே வாரத்துல அவங்களே பேச வருவாங்க." சுற்றி இருப்பவர்கள் தலையாட்டுவார்கள். யாருக்கோ தெரிந்த ஒரு டி.எஸ்.பி.யின் பெயர் அடுத்து வரும்.

இந்த அறிவுரை தவறு. பல வருடங்களாகக் கேட்டுக் கேட்டு, அதன்படி நடந்தவர்களின் குடும்பங்களையும் பார்த்தபிறகு எழுதுகிறேன். சொத்து யாருடையது என்று முடிவு செய்தால் ஒழியக் குற்றம் நடந்ததா என்றே சொல்ல முடியாத புகாரைக் காவல் நிலையம் எடுக்கக் கூடாது. எடுத்திருந்தால் மாஜிஸ்திரேட் தள்ளுபடி செய்ய வேண்டும். அதை உயர் நீதிமன்றம் வரை இழுத்துக்கொண்டு போக விடுவது அநியாயம்.

நான் பார்த்த ஒன்றை முதலில் சொல்லிவிடுகிறேன். மூன்று வருடங்களுக்கு முன், நியூ ஜெர்சியில் நண்பர் ஒருவர் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் உட்கார்ந்து அவர் ஊருக்கு அனுப்ப வைத்திருந்த புகாரைப் படித்தேன். நான்கு பக்கம். காவிரிப் பாசன ஊர் ஒன்றில் அப்பா கட்டிய ஓட்டு வீடு, பின்னால் கொல்லை, கொல்லையில் கிணறு. அப்பாவும் அம்மாவும் போய்விட்டார்கள். உயில் கிடையாது. பிள்ளைகள் இவரும் தங்கையும்தான், ஆளுக்குப் பாதி. தங்கை தன் பாதியை அடுத்த தெருக்காரர் ஒருவருக்குக் கிரையம் செய்து கொடுத்துவிட்டார். அண்ணனை ஒரு வார்த்தை கேட்கவில்லை. அந்த ஆற்றாமை எனக்கு நன்றாகவே புரிந்தது. அந்தக் கிணற்றில்தான் அவர் நீச்சல் பழகியிருக்கிறார்.

ஆனால் புகாரில் இருந்தது வேறு. தங்கை முதல் எதிரி. மாப்பிள்ளை இரண்டாவது. வாங்கியவர் மூன்றாவது. சாட்சிக் கையெழுத்துப் போட்ட இருவர் நான்காவதும் ஐந்தாவதும். பத்திர எழுத்தர் ஆறாவது. "கூட்டுச்சதி", "போலி ஆவணம்", "நில அபகரிப்பு", "கொலை மிரட்டல்" என்ற சொற்கள் பக்கத்துக்குப் பக்கம் வந்தன. கொலை மிரட்டல் எப்போது நடந்தது என்று கேட்டேன். "அது நடக்கல. வக்கீல் போடச் சொன்னார். அப்பத்தான் எடுப்பாங்களாம்" என்றார்.

கிரையப் பத்திரத்தின் நகலை வாங்கிப் பார்த்தேன். சொத்து விவரத்தில் சர்வே எண், நான்கெல்லை எல்லாம் எழுதி, "இதில் எனக்குப் பாத்தியப்பட்ட பொதுவில் பிரிபடாத பாதிப் பாகம்" என்று தெளிவாகவே இருந்தது. தங்கை தன்னுடையதைத் தன்னுடையது என்றுதான் சொல்லியிருக்கிறார். அண்ணன் பங்கைத் தொடவில்லை. அண்ணன் கையெழுத்தை யாரும் போடவில்லை. "இந்தப் பத்திரத்துல பொய் எங்க இருக்கு, காட்டுங்க" என்று கேட்டேன். அவரால் காட்ட முடியவில்லை. கோபம் வந்தது அவருக்கு, என் மேல்தான்.

அவருக்கு வழியே இல்லையென்றால் அந்தப் புகாரைக்கூட மன்னிக்கலாம். ஆனால் வழி இருந்தது. குடும்பம் பாகம் பிரிக்காமல் வைத்திருக்கும் குடியிருப்பு வீட்டில் ஒரு பங்கை வாங்கிய வெளியாள், அந்த வீட்டுக்குள் வந்து கூடவே இருந்து அனுபவிக்க உரிமை கேட்க முடியாது என்று சொத்து மாற்றுச் சட்டத்தின் 44-ஆவது பிரிவு சொல்கிறது. அந்த வெளியாளே பாகம் கேட்டு வழக்குப் போட்டால், நீதிமன்றம் நிர்ணயிக்கும் விலையைக் கொடுத்து அவருடைய பங்கைக் குடும்பத்தார் எடுத்துக்கொள்ளலாம் என்று 1893-ஆம் ஆண்டுப் பாகப்பிரிவினைச் சட்டத்தின் 4-ஆவது பிரிவு சொல்கிறது. நூறு வருடத்துக்கும் மேலாக இருக்கும் பாதுகாப்பு இது. ஒரு பாகப்பிரிவினை வழக்கும், வெளியாள் உள்ளே வராமலிருக்க ஓர் இடைக்காலத் தடை மனுவும் போட்டிருந்தால் அவருடைய கிணறு அவரிடமே இருந்திருக்கும். போலீஸ் புகாரில் இவற்றில் ஒன்றையும் கேட்கவே முடியாது.

புகார் போனது. புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீது வாட்ஸ்அப்பில் வந்தது. அதை அவர் எல்லோருக்கும் காட்டினார். தங்கையை நிலையத்துக்கு அழைத்து நாள் முழுக்க பெஞ்சில் உட்கார வைத்தார்கள். "பேச வந்தார்கள்" என்று நம் ஊர்க்காரர்கள் சொல்வதற்குப் பொருள் இதுதான். அந்தப் பெண் பேசவில்லை, முன்ஜாமீன் வாங்கினார். பதினான்கு மாதம் கழித்து, "சிவில் தன்மை உடையது" என்று ஒரு வரி எழுதிப் புகாரை முடித்து வைத்தார்கள். அதற்குள் வாங்கியவர் கொல்லையைச் சுற்றி ஆறடிச் சுவர் எழுப்பிவிட்டார்.

போலி ஆவணம் என்ற சொல்லை நம்மவர்கள் மிகவும் தாராளமாகப் பயன்படுத்துகிறார்கள். சட்டத்தில் அதற்கு இறுக்கமான பொருள் உண்டு. 2009-ல் பிகாரிலிருந்து வந்த ஒரு நில வழக்கில் உச்ச நீதிமன்ற நீதிபதி ஆர்.வி. ரவீந்திரன் இதை விளக்கியிருக்கிறார். தனக்குச் சொந்தமில்லாத நிலத்தைத் தன்னுடையது என்று சொல்லி ஒருவர் விற்கிறார் என்று வையுங்கள். அப்போதும் அவர் தன் பெயரில், தன் கையெழுத்தில்தான் பத்திரம் எழுதுகிறார். வேறொருவராக நடிக்கவில்லை, இன்னொருவர் எழுதியது போலக் காட்டவில்லை. ஆகவே அது போலி ஆவணம் ஆகாது. அதில் ஏமாந்திருக்கக் கூடியவர் பணம் கொடுத்து வாங்கியவர். மோசடி என்று புகார் சொல்ல வேண்டியவரும் அவர்தான். நிலத்தின் சொந்தக்காரர் ஏமாற்றப்படவில்லை, ஏனென்றால் அவரிடம் யாரும் எதையும் சொல்லி எதையும் வாங்கிக்கொள்ளவில்லை. அவருக்குத் தேவை, அந்தப் பத்திரம் தன்னைக் கட்டுப்படுத்தாது என்ற சிவில் நீதிமன்றத்தின் அறிவிப்பு.

அடுத்தவர் நிலத்தையே விற்றவருக்கு இதுதான் சட்டம் என்றால், தன் பங்கை விற்ற தங்கையைப் போலீஸ் நிலைய பெஞ்சில் உட்கார வைத்ததை எதில் சேர்ப்பது?

மோசடிக்கும் ஒப்பந்த மீறலுக்கும் உள்ள வேறுபாட்டையும் உச்ச நீதிமன்றம் 2000-ல், அதுவும் ஒரு நில விற்பனை வழக்கிலேயே, சொல்லிவிட்டது. ஏமாற்றும் எண்ணம் தொடக்கத்திலேயே, வாக்குக் கொடுத்த அந்த நேரத்திலேயே இருந்திருக்க வேண்டும். வாக்குக் கொடுத்தபின் நிறைவேற்றவில்லை என்பதை மட்டும் வைத்து, அன்றைக்கே ஏமாற்ற நினைத்தார் என்று முடிவு கட்டக் கூடாது. கிரைய ஒப்பந்தம் போட்டு முன்பணம் வாங்கியவர், விலை ஏறியதும் பத்திரம் முடித்துத் தர மறுக்கிறார். கேவலமான காரியம்தான். அதற்கு, ஒப்பந்தப்படி முடித்துத் தரக் கேட்கும் 'ஏற்றதை ஆற்றல்' வழக்கு என்று ஒன்று இருக்கிறது. ஜெயில் அதற்காகக் கட்டப்பட்டதல்ல.

இதே நீதிபதி ரவீந்திரன் 2006-ல் இந்தியன் ஆயில் நிறுவனத்துக்கும் என்.ஈ.பி.சி. இந்தியா நிறுவனத்துக்கும் நடந்த வழக்கில் எழுதியதையும் சொல்ல வேண்டும். சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போன வழக்கு அது. விமான எரிபொருள் பாக்கி தொடர்பானது. சிவில் தகராறுகளைக் கிரிமினல் வழக்காக மாற்றும் போக்கு வளர்வதையும், சிவில் பரிகாரம் தாமதமாகும் என்ற எண்ணமே அதற்குக் காரணம் என்பதையும், குடும்பத் தகராறுகளிலும் இது பரவியிருப்பதையும் அவர் அன்றே குறித்து, இந்த அழுத்தத் தந்திரத்தை ஊக்குவிக்கக் கூடாது என்றார். அந்தத் தீர்ப்பிலேயே, நடந்த சம்பவத்தில் குற்றத்தின் கூறுகள் இருக்கும் அளவுக்குப் புகாரை உயிர்ப்பித்தும் விட்டார். சிவில் வழக்கு இருக்கிறது என்பதாலேயே குற்றம் இல்லாமல் போய்விடாது. சிவில் வழக்கு தாமதமாகும் என்பதாலேயே குற்றம் பிறந்துவிடாது. இரண்டையும் ஒரே தீர்ப்பில் காட்டினார்.

இப்போது எதிர்த்தரப்பின் வலுவான வாதத்துக்கு வருகிறேன். "நில அபகரிப்பு நிஜமாக நடக்கிறதே, அதற்கு என்ன சொல்கிறீர்கள்?" நடக்கிறது. வெளிநாட்டில் இருப்பவர்களின் காலி மனைகள்தான் அதற்கு முதல் இலக்கு. சன்னிவேலில் உயிரோடு இருப்பவரை இறந்துவிட்டதாகக் காட்டி வாரிசுச் சான்று வாங்குவது, அவரைப் போலவே இன்னொருவரை சார்பதிவாளர் முன் நிறுத்திக் கைரேகை வைக்கச் செய்வது, எழுதிக் கொடுக்காத பவரை எழுதியதாகக் காட்டுவது, ஒரே அடுக்குமாடி வீட்டை இரண்டு பேருக்கு விற்பது. இவை குற்றம். இவற்றில் சொத்து யாருடையது என்ற கேள்வியே எழவில்லை. பொய் சொன்னவர் யார், எந்தத் தேதியில், எந்த அலுவலகத்தில் என்று விரல் வைத்துக் காட்ட முடியும். புகார் கொடுத்த அன்றைக்கே முதல் தகவல் அறிக்கை போட வேண்டும். பவர் ஏஜென்ட் நிலத்தை விற்றுப் பணத்தை அமுக்கிக்கொண்டால் அது நம்பிக்கை மோசடி, போலீஸுக்குப் போங்கள். அதே ஏஜென்ட் நீங்கள் எதிர்பார்த்ததைவிடக் குறைந்த விலைக்கு விற்றுப் பணத்தை உங்கள் கணக்கில் போட்டிருந்தால் அது கணக்கு வழக்கு. சிவில் கோர்ட்டுக்குப் போங்கள். பழைய மகாபலிபுரம் சாலையில் வாங்கிய வீட்டை பில்டர் இரண்டு வருடம் தாமதமாகத் தருகிறாரா? 2017 முதல் தமிழ்நாடு ரியல் எஸ்டேட் ஒழுங்குமுறை ஆணையம் இருக்கிறது.

ஆள்மாறாட்டத்தில் வீட்டை இழந்த ஒருவரின் புகார், அண்ணன் தங்கை சண்டைப் புகார்கள் ஐம்பதுக்கு அடியில் கிடக்கிறது என்பதைச் சிவில் சண்டையைப் போலீஸுக்குக் கொண்டுபோகிறவர்கள் யோசிப்பதே இல்லை. உண்மையான அபகரிப்பாளருக்கு இதைவிடப் பெரிய உதவி வேறில்லை. எல்லாமே "நில அபகரிப்பு" என்று ஆகிவிட்டால், எதுவுமே நில அபகரிப்பு இல்லை.

தமிழ்நாட்டில் இது நடந்தே விட்டது. 2011-ல் ஆட்சி மாறியதும் நில அபகரிப்புத் தடுப்புச் சிறப்புப் பிரிவுகள் மாவட்டந்தோறும் தொடங்கப்பட்டன. தனி நீதிமன்றங்களும் அறிவிக்கப்பட்டன. நோக்கம் நல்லதுதான், மக்கள் வரவேற்கவும் செய்தார்கள். ஆனால் எது நில அபகரிப்பு என்று அந்த அரசாணைகள் வரையறுக்கவில்லை. ஆந்திராவில் 1982 முதல் அதற்குத் தனிச் சட்டமும் வரையறையும் உண்டு, தமிழ்நாட்டில் இல்லை. எந்தத் தகராறு அபகரிப்பு, எது சாதாரணப் பாகச் சண்டை என்று பிரிக்கும் வேலை போலீஸ்காரரின் விருப்பத்துக்கு விடப்பட்டது. 2015-ல் தலைமை நீதிபதி சஞ்சய் கிஷன் கௌல் தலைமையிலான சென்னை உயர் நீதிமன்ற அமர்வு இதைத்தான் குறையாகச் சொல்லி அரசாணைகளை ரத்து செய்தது. மேல்முறையீட்டில் உச்ச நீதிமன்றம் அந்தத் தீர்ப்பை நிறுத்திவைத்தது. பிரிவுகள் தொடர்ந்து இயங்கின. வரையறைதான் வரவில்லை.

நீதிமன்றத்தைச் சுற்றிக்கொண்டு போகும் குறுக்குவழி ஆசை அரசுக்கும் உண்டு. பதிவுச் சட்டத்தில் 77-ஏ என்ற பிரிவைச் சேர்த்து, பத்திரத்தை ரத்து செய்யும் அதிகாரத்தை 2022-ல் மாவட்டப் பதிவாளரிடம் கொடுத்தார்கள். 2024-ல் சென்னை உயர் நீதிமன்றம் அது அரசமைப்புக்கு முரணானது என்று தீர்ப்பளித்தது. உத்தரப் பிரதேசத்தில் நிலைமை இன்னும் மோசம். சிவில் தகராறுகள் கிரிமினல் வழக்காக்கப்படுவதைப் பார்த்துவிட்டு, அங்கே சட்டத்தின் ஆட்சியே முற்றிலும் சீர்குலைந்துவிட்டது என்று அப்போதைய உச்ச நீதிமன்றத் தலைமை நீதிபதி சஞ்சீவ் கன்னா 2025 ஏப்ரலில் கடுமையாகச் சொன்னார்.

"அதெல்லாம் சரி, சிவில் வழக்கு இருபது வருடம் ஆகிறதே?" ஆகிறது. இதை மறுக்க என்னால் முடியாது. மறுக்கிறவர் எவரும் முன்சீஃப் கோர்ட் வராந்தாவில் ஒரு காலைப் பொழுதுகூட நின்றிருக்க மாட்டார். வாய்தா மேல் வாய்தா, நீதிபதி மாற்றம், கமிஷனர் அளக்க வரும் நாளில் எதிர்த்தரப்பு வக்கீலுக்குக் காய்ச்சல். எல்லாம் உண்மை. ஆனால் கிரிமினல் வழக்கு அதே வளாகத்தில், பக்கத்துக் கட்டடத்தில்தான் நடக்கிறது. அங்கேயும் வாய்தாதான். அங்கே சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்க வேண்டும். சிவிலில் யார் பக்கம் சாத்தியம் அதிகம் என்று காட்டினால் போதும். பத்து வருடம் கழித்து எதிரிகளுக்குத் தண்டனையே கிடைத்தாலும், நிலத்தின் மேல் உங்களுக்கு உரிமை இருக்கிறது என்று மாஜிஸ்திரேட் அறிவிக்க மாட்டார். விடுதலையாகிவிட்டால், அந்தத் தீர்ப்பைச் சட்டம் போட்டு வீட்டில் மாட்டிவைப்பார்கள்.

அப்படியானால் "இரண்டே வாரம்" என்று சொல்கிறார்களே, அந்த வேகம் எங்கிருந்து வருகிறது? பயத்திலிருந்து. கைது செய்வார்களோ, மகள் கல்யாணம் நின்றுவிடுமோ, அரசு வேலையில் இருக்கும் மருமகனுக்குச் சிக்கல் வருமோ என்ற பயம். அந்தப் பயத்தில் நிலையத்திலேயே ஒரு வெள்ளைத்தாளில் எழுதி வாங்குவதற்குப் பெயர் கட்டப்பஞ்சாயத்து. நாளைக்கு அவர் நீதிமன்றத்துக்குப் போய், அடைத்து வைத்து வாங்கிய கையெழுத்து என்று ஒப்பந்தச் சட்டத்தின் 19-ஆவது பிரிவைக் காட்டி அதை ரத்து செய்யக் கேட்பார். மறுபடியும் அதே முன்சீஃப் கோர்ட் வராந்தா.

சிவில் நீதிமன்றத்தில் தாமதமாவது இறுதித் தீர்ப்பு. இடைக்காலத் தடை அப்படியல்ல; வலுவான மனுவுக்கு நாள் கணக்கில் கிடைக்கும். வழக்கு நடக்கும்போது எதிர்த்தரப்பு விற்றாலும் வாங்கியவரைத் தீர்ப்பு கட்டுப்படுத்தும், சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-ஆவது பிரிவுப்படி. வீட்டிலிருந்து பலவந்தமாக வெளியேற்றப்பட்டிருந்தால், ஆறு மாதத்துக்குள் வழக்குப் போட்டால் உரிமையை நிரூபிக்காமலேயே அனுபோகத்தைத் திரும்பப் பெறலாம், குறிப்பிட்ட பரிகாரச் சட்டத்தின் 6-ஆவது பிரிவுப்படி. பத்திரத்தை ரத்து செய்யக் கேட்க, விஷயம் தெரிய வந்த நாளிலிருந்து மூன்று வருடம். போலீஸ் நிலையத்துக்கும் எஸ்.பி. ஆபீஸுக்கும் முதல்வர் தனிப்பிரிவுக்கும் மனு அனுப்பிக்கொண்டே இந்த ஆறு மாதத்தையும் மூன்று வருடத்தையும் தொலைத்தவர்களை எனக்குத் தெரியும். கெடு போனபின்புதான் "420-க்குக் கெடு கிடையாதாமே" என்று மறுபடி போலீஸுக்குப் போகிறார்கள். கோர்ட் கட்டணமும் இல்லை, கெடுவும் இல்லை என்பதாலேயே கிரிமினல் புகாரைத் தேர்ந்தெடுப்பவர் குற்றத்துக்கு நீதி தேடவில்லை.

அமெரிக்காவில் இருக்கும் நாம் இந்த ஆயுதத்துக்கு இன்னொரு முனை இருப்பதையும் மறக்கிறோம். ஊரில் இருக்கும் அண்ணனுக்கும் அதே போலீஸ் நிலையம்தான். அவரும் புகார் கொடுப்பார். நீங்கள் அதில் முதல் எதிரியாக இருப்பீர்கள். குற்றவியல் நீதிமன்றத்தில் வழக்கு நிலுவையில் இருந்தால் பாஸ்போர்ட் மறுக்கலாம் என்று 1967-ஆம் ஆண்டுப் பாஸ்போர்ட் சட்டத்தின் 6-ஆவது பிரிவில் இருக்கிறது. புதுப்பிக்க நீதிமன்ற அனுமதி தேடி அலைய வேண்டும். தேடல் அறிவிப்பு போட்டிருந்தால் சென்னை விமான நிலையத்தில் குழந்தைகள் முன்னால் நிறுத்துவார்கள். பல வருடம் கழித்து அமெரிக்கக் குடியுரிமைக்கு விண்ணப்பம் நிரப்பும்போது, உலகில் எங்காவது கைதானதுண்டா, குற்றம் சாட்டப்பட்டதுண்டா என்ற கேள்விக்கு அந்தக் கொல்லைக் கிணற்றின் கதையை விளக்கிக்கொண்டிருக்க வேண்டும்.

நாம் வாழும் இந்த மூன்று மாநிலங்களில் இதை எப்படிப் பார்க்கிறார்கள்? நியூ ஜெர்சி வழக்கறிஞர் நடத்தை விதி 3.4, சிவில் விவகாரத்தில் முறையற்ற சாதகம் பெறுவதற்காகக் கிரிமினல் குற்றச்சாட்டைக் கொண்டுவருவதையும், கொண்டுவருவேன் என்று மிரட்டுவதையும் தடுக்கிறது. டெக்சஸில் விதி 4.04 அதையே சொல்கிறது. கலிபோர்னியாவில் விதி 3.10 அப்படி மிரட்டுவதைத் தடுக்கிறது. நம் நண்பருடைய வக்கீல் "கொலை மிரட்டல்னு சேர்த்துக்கோங்க" என்று சொன்னாரே, அந்த யோசனையை எடிசனிலோ டாலஸிலோ ஒரு வக்கீல் சொல்லியிருந்தால் அவருடைய உரிமத்துக்கே ஆபத்து.

வேலித் தகராறுக்கோ பங்குத் தகராறுக்கோ இங்கே போலீஸைக் கூப்பிட்டுப் பார்த்தவர்களுக்குத் தெரியும்: "இது சிவில் விவகாரம்" என்று ஒரே வாக்கியத்தில் சொல்லிவிட்டுப் போய்விடுவார்கள். நியூ ஜெர்சியில் பங்கு பிரிக்க வேண்டுமென்றால் சுப்பீரியர் கோர்ட்டின் சான்சரி பிரிவுக்குத்தான் போக வேண்டும். தனக்கு உரிமை இருப்பதாக நேர்மையாக நம்பி எடுத்தேன் என்பது நியூ ஜெர்சித் திருட்டுச் சட்டத்திலேயே எதிர்வாதமாக எழுதப்பட்டிருக்கிறது. டெக்சஸில் வீடு புகுந்து உட்கார்ந்துகொள்பவர்களை ஷெரிஃப் மூலம் சீக்கிரம் வெளியேற்ற 2025 செப்டம்பர் 1 முதல் புதுச் சட்டம் வந்திருக்கிறது. சொத்துக்காரர் பக்கம் மிகவும் சாய்ந்த சட்டம் அது. அதிலும்கூட வாடகைதாரரையும் நெருங்கிய குடும்பத்தாரையும் இந்த வழியில் வெளியேற்ற முடியாது. குடும்பத்துக்குள் நடக்கும் சண்டைக்குத் துப்பாக்கி வைத்திருப்பவரைக் கூப்பிடாதே என்று டெக்சஸ்காரர்களே கோடு போட்டிருக்கிறார்கள். இந்த ஒழுங்கை இங்கே அனுபவித்துக்கொண்டு, ஊரில் இருக்கும் உடன்பிறந்தவருக்கு மட்டும் வேறு நியாயம் வைத்திருப்பது சரியில்லை.

ஒரு சட்டப் புள்ளியைச் சொல்லியாக வேண்டும்; இது வக்கீல்களுக்கும் சட்டமன்றத்துக்கும். பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க குற்றம் என்று தெரிந்தால் முதல் தகவல் அறிக்கை போட்டே ஆக வேண்டும் என்று உச்ச நீதிமன்றத்தின் அரசமைப்பு அமர்வு 2013 நவம்பரில் தீர்ப்பளித்தது. அதை வைத்துத்தான் போலீஸ் தன் கை கட்டப்பட்டிருப்பதாகச் சொல்கிறது. ஆனால் குடும்பத் தகராறு, வணிகத் தகராறு, காரணமின்றி மூன்று மாதத்துக்கு மேல் தாமதித்து வரும் புகார் ஆகியவற்றில் முதல்நிலை விசாரணை நடத்தலாம் என்று அதே தீர்ப்பு இடம் விட்டிருக்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173-ஆவது பிரிவு, 14 நாள் முதல்நிலை விசாரணைக்கு வழி வைத்திருக்கிறது. எந்தக் குற்றங்களுக்கு? மூன்று வருடம் முதல், ஏழு வருடத்துக்குக் குறைவாகத் தண்டனை உள்ளவற்றுக்கு. பழைய தண்டனைச் சட்டத்தின் மோசடிப் பிரிவான 420-க்குப் பதிலாக வந்த, பாரதிய நியாய சன்ஹிதாவின் 318(4)-க்குத் தண்டனை சரியாக ஏழு வருடம் வரை. சொத்துச் சண்டைகளில் அதிகம் போடப்படும் பிரிவு, அந்தப் பாதுகாப்புக்கு ஒரு சாண் வெளியே நிற்கிறது. போதாக்குறைக்கு ஆயுள் தண்டனை வரை போகும் போலி ஆவணப் பிரிவையும் சேர்த்துக்கொள்கிறார்கள். நிலத் தகராறு சார்ந்த எல்லாப் புகார்களுக்கும் இந்த 14 நாள் விசாரணையைக் கட்டாயமாக்க வேண்டும். தனியார் புகாரில் எதிரியைக் கேட்காமல் மாஜிஸ்திரேட் வழக்கை எடுக்கக் கூடாது என்று புதிய நடைமுறைச் சட்டத்தின் 223-ஆவது பிரிவு சொல்வது நல்ல மாற்றம். அதன் 226-ஆவது பிரிவின் தள்ளுபடி அதிகாரத்தை மாஜிஸ்திரேட்டுகள் கூச்சமின்றிப் பயன்படுத்த வேண்டும்.

எந்தப் புகாரைத் தள்ள வேண்டும் என்பது அப்படியொன்றும் மறைபொருள் அல்ல. நெல்லைச் சீமையிலிருந்து உச்ச நீதிமன்றம் வரை போன நீதிபதி எஸ். ரத்தினவேல் பாண்டியன், ஹரியானா முன்னாள் முதல்வர் பஜன்லால் தொடர்பான வழக்கில் 1990-லேயே ஏழு வகைகளை எழுதிவைத்துவிட்டார். புகாரில் உள்ளதை அப்படியே உண்மை என்று எடுத்துக்கொண்டாலும் குற்றம் ஆகவில்லையென்றால் ரத்து. பழிவாங்கும் நோக்கம் வெளிப்படையாகத் தெரிந்தால் ரத்து. சொத்துப் புகாருக்கு இதைப் பொருத்திப் பார்ப்பது கடினமே இல்லை. இரு தரப்பும் தாய்ப்பத்திரத்தைக் காட்டி உரிமை கொண்டாடுகிறதா? எதிரி தன் சொந்தப் பெயரில், பதிவு அலுவலகத்தில், எல்லோரும் பார்க்கக் கூடிய வில்லங்கச் சான்றில் ஏறும்படி வெளிப்படையாகச் செய்திருக்கிறாரா? சிவில் கோர்ட்டில் தடை மனு தள்ளுபடியான அடுத்த மாதம் புகார் வந்திருக்கிறதா? புகாரின் கடைசிப் பத்தியில் "எதிரிகளைத் தண்டிக்க" என்று இல்லாமல் "எனது சொத்தை மீட்டுத் தர" என்று எழுதியிருக்கிறதா? இவற்றில் இரண்டு சேர்ந்து தெரிந்தாலே ஒரு நேர்மையான இன்ஸ்பெக்டருக்குப் போதும். அந்தக் கடைசிப் பத்தியை நான் எப்போதும் முதலில் படிக்கிறேன்.

என் நண்பர் சென்ற வருடம் பாகப்பிரிவினை வழக்குப் போட்டார். சுவரைச் சேர்த்துத்தான் இனி கமிஷனர் அளப்பார். தங்கை அவரிடம் பேசுவதில்லை.

இதைப் படிக்கிறவர்களிடம் ஒரு வேண்டுகோள். ஊரிலிருந்து வக்கீல் அனுப்பும் புகாரில் கையெழுத்துப் போடும் முன், பொய் சொன்னது யார், எந்தத் தேதியில், யாரிடம் என்று அவரைக் கேளுங்கள். மூன்றுக்கும் பதில் வந்தால் தயங்காமல் கையெழுத்துப் போடுங்கள். வரவில்லையென்றால் அந்தக் காகிதத்தைத் திருப்பி அனுப்பிவிட்டு, பாகப்பிரிவினை வழக்கு நடத்த நம்பிக்கையான ஒருவருக்கு பவர் எழுதிக் கொடுங்கள். நியூயார்க், சான் பிரான்சிஸ்கோ, ஹூஸ்டன் துணைத் தூதரகங்களில் அதற்குச் சான்றொப்பம் வாங்கலாம். அந்த பவர் இந்தியா போய்ச் சேர்ந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்ட வேண்டும். அந்தக் கெடுவைத் தவறவிடாதீர்கள்.